காமிராவுக்குத் தெரியாத கதவு

(முன்னாள் மாணவர் சங்க ஆண்டுக் கூடலில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



செயலாளர் என்னைத் தொலைபேசியில் அழைத்து, "சினிமாவைப் பத்திக் கொஞ்சம் சுவையாப் பேசணும் சார், பசங்க ஆர்வமா இருக்காங்க" என்றார். அவர் எதிர்பார்த்தது நட்சத்திரங்களைப் பற்றிய கதைகளாக இருக்கலாம். என்னிடம் அவை அதிகம் இல்லை. நடிகர்கள் மேக்கப் போட்டுக்கொண்டு உள்ளே நுழையும் நேரத்தில், நாங்கள் அந்த செட்டை ஒப்படைத்துவிட்டு அடுத்த செட்டுக்கு ஆணி அடிக்கப் போயிருப்போம். ஆகவே, முப்பது ஆண்டுகளுக்கு மேல் சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் நான் பார்த்த வேலை எப்படிப்பட்டது, அந்தப் பக்கம் வர நினைக்கிறவர்கள் எதைத் தெரிந்துகொண்டு வர வேண்டும் என்பதைச் சொல்கிறேன். கடைசியில் உங்கள் எல்லோரிடமும் ஒரு வேண்டுகோளும் வைக்கப் போகிறேன்.

பெயர் வந்த கதை

"நீங்க செட் போடறவர்தானே?" என்று கல்யாண வீடுகளில் கேட்பார்கள். ஆமாம் என்று சொல்லிவிடுவேன். பந்தியில் உட்கார்ந்துகொண்டு விளக்கம் சொல்ல முடியாதே. இன்று நேரம் இருப்பதால் சொல்கிறேன்.

படத்தில் நடிகர்களைத் தவிர உங்கள் கண்ணில் படுகிற வீடு, தெரு, கடை, சுவரில் தொங்கும் காலண்டர், மேசைமேல் இருக்கும் தம்ளர் எல்லாவற்றுக்கும் பொறுப்பானவர் கலை இயக்குநர். ஹாலிவுட்டில் இதற்கு மேல் ஒரு பதவி உண்டு. படம் முழுவதும் எந்த நிறத்தில், எந்தத் தோற்றத்தில் இருக்க வேண்டும் என்று தீர்மானிப்பவர் புரொடக்ஷன் டிசைனர். அதை வரைபடமாக்கிக் கட்டி முடிப்பவர் ஆர்ட் டைரக்டர். வில்லியம் கேமரான் மென்சீஸ் என்பவர், 1929-இல் முதன்முதலாக ஆஸ்கார் விருது வழங்கப்பட்டபோது கலை இயக்கத்துக்கான பரிசைப் பெற்றவர். 1939-இல் வெளிவந்த 'கான் வித் த விண்ட்' படத்துக்கு அவர் செய்த வேலையின் அளவைப் பார்த்து, தயாரிப்பாளர் டேவிட் செல்ஸ்னிக் அவருக்குப் புரொடக்ஷன் டிசைனர் என்ற பட்டத்தைக் கொடுத்தார். அதிலிருந்துதான் அந்தச் சொல் பரவியது. ஆஸ்கார் அமைப்பு தன் விருதின் பெயரை அப்படி மாற்றிக்கொண்டது 2012-இல்தான்.

நம் ஊரில் இரண்டு வேலையையும் பெரும்பாலும் ஒருவரே செய்கிறார். டைட்டிலில் 'கலை' என்ற இரண்டு எழுத்துக்குப் பக்கத்தில் அவர் பெயர் வரும். ஜெமினியின் 'சந்திரலேகா' (1948) படத்தின் முரசு நடனத்தை உங்கள் தாத்தா பாட்டி சொல்லிக் கேட்டிருப்பீர்கள். அந்தப் படத்துக்குக் கலை ஏ.கே. சேகர். முரசுகளைப் பற்றிப் பேசாத வீடு அன்று இல்லை. அவற்றை வடிவமைத்தவர் பெயர் தெரிந்த வீடுகள் மிகக் குறைவு.

டேப்பும் நோட்டும்

நான் இந்தக் கல்லூரியில் வரலாறு படித்தவன். ஓவியக் கல்லூரிப் பக்கம் போனதில்லை. இத்துறையில் பலர் எழும்பூர் ஓவியக் கல்லூரியிலிருந்து வந்தவர்கள்; 1850-இல் தொடங்கிய பழம்பெரும் நிறுவனம் அது. தோட்டா தரணி, பி. கிருஷ்ணமூர்த்தி, சாபு சிரில் மூவருமே அங்கே படித்தவர்கள்தான். எனக்கு ஓரளவு வரைய வரும், அவ்வளவுதான். எண்பதுகளில் கோடம்பாக்கத்தில் ஒரு கலை இயக்குநரிடம் உதவியாளராகச் சேர்ந்தேன். அவரை ஆசான் என்றே இங்கு சொல்கிறேன்.

முதல் ஆறு மாதம் என் கையில் அளவு டேப்பும் நோட்டும் மட்டும்தான். "கண்ணுல படற எல்லாத்தையும் அள" என்பார் ஆசான். திருவல்லிக்கேணி ஒண்டுக்குடித்தனத்தில் சமையலறைக் கதவின் உயரம், அக்ரஹாரத்துத் திண்ணையின் அகலம், ரயில்வே குவார்ட்டர்ஸ் ஜன்னல் கம்பிகளின் இடைவெளி என்று நோட்டு நோட்டாக எழுதினேன். சம்பளம் என்று பெரிதாக எதுவும் கிடையாது. வேலை நடக்கிற நாளில் பேட்டாவும் சாப்பாடும். வேலை இல்லாத நாளில் இரண்டும் இல்லை. வீட்டில், "பி.ஏ. படிச்சிட்டு இப்படி டேப்பைத் தூக்கிக்கிட்டு அலையறியே" என்று அம்மா வருத்தப்பட்டார்கள். எழுபது வயதிலும் அந்த வருத்தம் அவர்களுக்கு முழுவதாகத் தீரவில்லை.

ஒரு செட் எப்படி உருவாகிறது என்று சுருக்கமாகச் சொல்கிறேன். முதலில் கதையைப் படித்து, எந்த இடத்தில் எத்தனை காட்சி, பகலா இரவா, உள்ளேயா வெளியேயா என்று பட்டியல் போட வேண்டும். நாற்பது காட்சி நடக்கிற வீட்டுக்கும் ஒரே ஒரு காட்சி நடக்கிற டாக்டர் அறைக்கும் ஒரே அளவு செலவு செய்ய முடியாது. பிறகு அந்த வீட்டில் குடியிருப்பவர் யார் என்று யோசிக்க வேண்டும். குமாஸ்தா குடும்பம் என்றால் என்ன சம்பளம், எத்தனை பேர் படுக்க வேண்டும், பாய் எங்கே சுருட்டி வைப்பார்கள், துணி எங்கே காயும், கேஸ் இணைப்பு வந்துவிட்டதா அல்லது மண்ணெண்ணெய் ஸ்டவ்வா. இவற்றுக்குப் பதில் பெரும்பாலும் கதையில் எழுதியிருக்காது. டைரக்டரைக் கேட்டால், "அதெல்லாம் நீங்க பாத்துக்குங்க சார்" என்பார். அந்த 'நீங்க பாத்துக்குங்க' என்பதுதான் எங்கள் தொழில்.

அதற்குப் பிறகு கால் அங்குலத்துக்கு ஒரு அடி என்ற கணக்கில் பிளான் வரைவோம். ரீப்பர் கட்டையால் சட்டம் அடித்து, மேலே பிளைவுட் வைத்து ஆசாரிகள் சுவர் செய்வார்கள். தூண், கொடுங்கை, சிலை வேலைப்பாடுகளை மோல்டர்கள் பிளாஸ்டர் ஆஃப் பாரிஸில் வார்ப்பார்கள். பெயிண்டர்கள் வருவார்கள். காமிரா பின்னால் போக இடம் வேண்டுமே, அதற்காகச் சில சுவர்களைக் கழற்றி மாட்டுகிற மாதிரி அமைப்போம். கடைசியாக அந்தப் புதுச் சுவரைப் பழசாக்க வேண்டும். சுவிட்சைச் சுற்றி விரல் பட்ட அழுக்கு, ஈச்சர் சேருக்குப் பின்னால் தலை சாய்ந்த எண்ணெய்க் கறை, சைக்கிள் ஹாண்டில் உரசும் உயரத்தில் கீறல் என்று ஒவ்வொன்றாக வைப்போம். இவை இல்லாவிட்டால் வீடு வீடாக இராது. பார்க்கிறவர்களுக்குக் காரணம் சொல்லத் தெரியாது. ஆனால் ஏதோ ஒட்டவில்லை என்று மனசு சொல்லிவிடும்.

கறுப்பு வெள்ளைக் காலத்தில் வேலை வேறு மாதிரி இருந்தது என்று மூத்த பெயிண்டர்கள் சொல்வார்கள். சிவப்பும் பச்சையும் படத்தில் ஒரே சாம்பல் நிறமாக வந்து நின்றுவிடும். அதனால் நிறத்தைப் பார்க்காமல் அதன் அடர்த்தியைப் பார்த்துப் பூசுவார்களாம். 1956-இல் 'அலிபாபாவும் 40 திருடர்களும்' தமிழின் முதல் முழுநீள வண்ணப் படமாக வந்தது. 1973-இல் 'ராஜராஜ சோழன்' தமிழின் முதல் சினிமாஸ்கோப் படமாக வந்தது. திரை அகலமாகிவிட்டால் செட்டின் இரண்டு ஓரங்களிலும் கூடுதலாகக் கட்ட வேண்டும். தொழில்நுட்பம் ஒவ்வொரு முறை மாறும்போதும் எங்கள் ஆசாரிகளும் பெயிண்டர்களும் பாடத்தை மறுபடி முதலிலிருந்து படித்திருக்கிறார்கள்.

ஏன் கட்ட வேண்டும்?

"உண்மையான இடத்துக்கே போய் எடுத்தால் என்ன?" என்று மாணவர்கள் கேட்பீர்கள். நல்ல கேள்வி. எடுக்கலாம், எடுக்கிறார்கள். ஆனால் சில நேரம் அது முடியாது. இரண்டு எடுத்துக்காட்டுகள் சொல்கிறேன்.

சத்யஜித் ராயின் 'அபராஜிதோ' (1956) படத்தில் காசியில் ஒரு பழைய வீடு வரும். நடுவில் முற்றம், மேலே திறந்த வானம். காசித் தெருக்களையும் படித்துறைகளையும் அங்கேயே எடுத்தார்கள். அந்த வீட்டை மட்டும் கல்கத்தாவில் ஸ்டுடியோவுக்குள் கட்டினார் கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா. முற்றத்து வெளிச்சம் மேலிருந்து நிழல் விழாமல் மென்மையாக இறங்க வேண்டுமே? ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ரா செட்டுக்கு மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, விளக்குகளை அந்தத் துணியில் அடித்து, திரும்பி வருகிற ஒளியில் படம் எடுத்தார். இன்று உலகம் முழுவதும் சர்வ சாதாரணமாகச் செய்கிற காரியம் அது. கட்டுபவரும் ஒளி அமைப்பவரும் சேர்ந்து யோசித்ததால் வந்த பலன். செட்டும் விளக்கும் தனித்தனி இலாகா என்று நினைப்பவர்களுக்கு இதைச் சொல்வேன்.

இன்னொன்று 'நாயகன்' (1987). பம்பாய் தாராவியைச் சென்னையில் வீனஸ் ஸ்டுடியோவில் அமைத்தார் தோட்டா தரணி. அவ்வளவு ஜன நெருக்கடி உள்ள இடத்தில் மழை, கலவரம், கூட்டம் என்று நாள்கணக்கில் படம் எடுப்பது எளிதா? அந்த செட்டைப் பார்த்து யாரும் செட் என்று சொல்லவில்லை. அந்த வேலைக்குத் தேசிய விருது கிடைத்தது. பின்னர் 'இந்தியன்' (1996) படத்துக்கும் அவருக்கு அந்த விருது வந்தது. சாபு சிரில் 'காலாபானி'க்காகப் பெற்றதும், கிருஷ்ணமூர்த்தி 'பாரதி' (2000) படத்துக்காகப் பெற்றதும் அதே விருதுதான். பிரம்மாண்டம் ஒரு வகை என்றால், நூறு வருஷத்துக்கு முந்தைய ஒரு கவிஞரின் வீட்டை நம்பும்படி காட்டுவது இன்னொரு வகை. எனக்கு இரண்டாவதில்தான் ஆசை அதிகம்.

வரலாறு கைகொடுத்த விதம்

நம் வரலாற்றுத் துறையில் ஆண்டுகளை ஒப்பிக்கச் சொல்வார்கள். அன்று சலித்துக்கொண்டேன். அந்த ஆண்டுகள்தான் பிறகு எனக்குச் சோறு போட்டன. எப்படி என்று சொல்கிறேன்.

கதை 1960-இல் நடக்கிறது, ஒரு கடைப் பலகை வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். 1957 ஏப்ரல் முதல் தேதி தசம நாணயம் வந்தது. 1964 வரை அதற்கு 'நயா பைசா' என்று பெயர். ஆகவே விலையை அப்படித்தான் எழுத வேண்டும். பின்கோடு 1972 ஆகஸ்ட் 15-இல்தான் வந்தது. அதற்கு முன் 'சென்னை-17' என்று மட்டுமே முகவரி இருக்கும். அரசு எழுத்துச் சீர்திருத்தம் செய்தது 1978-இல். அதற்கு முந்தைய பலகையில் லை, னை, ணை எல்லாம் யானைத் தும்பிக்கை மாதிரி கொம்பு வைத்த பழைய எழுத்தாக இருக்க வேண்டும். ஆங்கிலப் பலகையில் 'மெட்ராஸ்' என்பது 'சென்னை' ஆனது 1996-இல். இப்போது நாம் பயன்படுத்தும் ரூபாய்க் குறியீடு 2010-இல் வந்தது. தொண்ணூறுகளில் நடக்கிற கதையில், காய்கறிக் கடை சிலேட்டில் அந்தக் குறியீட்டைப் பார்க்கும்போது எனக்குப் படத்தில் மனசு ஓடாது. பக்கத்தில் இருக்கும் என் மனைவி, "படத்தைப் பாருங்க, சிலேட்டைப் பாக்காதீங்க" என்பாள்.

இது வெறும் தேதிக் கணக்கு என்று நினைத்துவிடாதீர்கள். அந்தக் கடைக்காரரும், அங்கே அரை வீசை வாங்கிப் போன அம்மாவும் உண்மையில் வாழ்ந்தவர்கள். அவர்கள் வாழ்க்கையைத் திரையில் காட்டும்போது தப்பாகக் காட்டக்கூடாது என்ற பயம் எனக்கு எப்போதும் உண்டு.

தொலைக்காட்சிக்கு வந்தது

சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15-இல் ஒளிபரப்பைத் தொடங்கியது. ஸ்டுடியோவுக்குள் ஒரே சமயத்தில் மூன்று காமிராக்கள் ஓடும். ஆகவே செட்டுக்கு மூன்று சுவர்தான், நான்காவது பக்கம் காமிராக்கள் நடமாட வேண்டும். பழைய வீடியோ காமிராவுக்குத் தூய வெள்ளை ஆகாது, மெல்லிய கோடு போட்ட துணியும் ஆகாது. வெள்ளை பொங்கி வழியும், கோடு நடுங்கும். சின்னத் திரை என்பதால் முகம்தான் பெரிதாக வரும். முகத்துக்குப் பின்னால் இரண்டு அடி சுவர் மட்டும் தெரியும். அந்த இரண்டு அடியில் குடும்பத்தின் நிலையைச் சொல்லிவிட வேண்டும்.

1987-இல் 'ராமாயண்' தொடர் ஞாயிற்றுக்கிழமைக் காலைகளில் தெருக்களைக் காலியாக்கியது. குஜராத்தின் உமர்காமில் செட் போட்டு எடுத்தார்கள். 1993-இல் தமிழில் தனியார் தொலைக்காட்சி வந்தது. தொண்ணூறுகளின் கடைசியில் தினத் தொடர்கள் பெருகின. நான் சினிமாவில் வேலை குறைந்த ஒரு காலத்தில் தொடர்களுக்குப் போனேன். அங்கே செட் போட நேரமும் இல்லை, பணமும் இல்லை. சாலிகிராமம், வளசரவாக்கம் பக்கம் ஷூட்டிங் வீடுகளை வாடகைக்கு எடுப்பார்கள். காலையில் அது வில்லியின் பங்களா. திரைச்சீலையையும் சோபா உறையையும் மாற்றினால் மத்தியானம் கதாநாயகியின் பிறந்த வீடு. "சார், பத்து நிமிஷத்துல மாத்திக் குடுங்க" என்பார்கள். கொடுத்திருக்கிறோம். சினிமாக்காரர்கள் தொடர்களை ஏளனமாகப் பேசுவதுண்டு. எனக்கு அந்த ஏளனம் இல்லை. என்னோடு இருந்த பத்துக் குடும்பங்கள் மாதாமாதம் வாடகை கட்டியது அந்தத் தொடர்களால்தான். சினிமாவில் அந்த நிச்சயம் என்றைக்கும் கிடைத்ததில்லை.

பிளானில் ஒரு சிவப்புக் கோடு

இப்போது சொல்லப் போவது சுவையான விஷயம் இல்லை. ஆனால் இதைச் சொல்லாமல் என் தொழிலைப் பற்றிப் பேசினதாக ஆகாது.

1989 பிப்ரவரி 8-ஆம் தேதி, மைசூரில் ஒரு ஸ்டுடியோவில் 'த ஸ்வோர்ட் ஆஃப் திப்பு சுல்தான்' தொலைக்காட்சித் தொடரின் படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்தபோது தீப்பிடித்தது. அறுபதுக்கும் மேற்பட்டவர்கள் இறந்துபோனார்கள். இயக்கி நடித்த சஞ்சய் கான் கடுமையான தீக்காயங்களுடன் பிழைத்தார். எதிரொலி வராமல் இருக்கச் சுவர்களில் சாக்கு அடித்திருந்தார்கள். எங்கள் தொழிலில் புழங்குகிற பொருள்களை எண்ணிப் பாருங்கள். மரம், துணி, சாக்கு, பெயிண்ட், தின்னர், தெர்மாகோல். அதற்கு மேல் பெரிய பெரிய விளக்குகள், தரையெல்லாம் கேபிள். பற்றிக்கொள்ள ஒரு பொறி போதும்.

அந்தச் செய்தி வந்தபோது நான் உதவியாளன். மறுநாள் ஆசான் எங்களை எல்லாம் உட்காரவைத்தார். வரைந்து முடித்திருந்த பிளானை விரித்து, சிவப்புப் பென்சிலால் பின்பக்கச் சுவரில் ஒரு கோடு போட்டார். "தம்பி, காமிராவுக்காக எத்தனை கதவு வேணும்னாலும் போடு. காமிராவுக்குத் தெரியாத கதவு ஒண்ணு எல்லா பிளான்லயும் இருக்கணும். லைட்பாய் ஓடறதுக்கு" என்றார். வேறு எதுவும் பேசவில்லை. அன்று முதல் நான் வரைந்த எந்தப் பிளானும் அந்தச் சிவப்புக் கோடு இல்லாமல் ஆசாரி கைக்குப் போனதில்லை.

தனியாகப் படம் செய்ய ஆரம்பித்த பிறகு, ஒரு கம்பெனியில் அந்தக் கதவால் சண்டை வந்தது. தயாரிப்பு நிர்வாகி, "சார், அந்த வழியிலதான் பிராப்பர்ட்டி அடுக்கணும், வேற எடமே இல்ல. படத்துல தெரியாத கதவுக்கு எதுக்கு சார் இவ்வளவு பிடிவாதம்?" என்றார். "வழியை அடைச்சா நான் செட்டை ஒப்படைக்க மாட்டேன்" என்று சொல்லிவிட்டேன். பிராப்பர்ட்டியை வெளியே பந்தல் போட்டு அடுக்கினார்கள். அந்தக் கம்பெனி அதற்குப் பிறகு என்னைக் கூப்பிடவில்லை. அந்தக் கதவு வழியாக யாரும் உயிர் பிழைக்க ஓடவேண்டிய நிலை வரவில்லை. வராமல் போனது நல்லதுதான். அதனால் அந்தக் கதவு வீண் என்று நான் ஒப்புக்கொள்ள மாட்டேன்.

காலம் மாறிவிட்டது, இப்போதெல்லாம் அப்படி நடக்காது என்று நினைக்காதீர்கள். 2020 பிப்ரவரியில் சென்னைக்கு அருகே ஒரு படப்பிடிப்புத் தளத்தில் கிரேன் சரிந்து 3 பேர் இறந்தார்கள். இரவோடு இரவாக முடி என்ற அவசரம் இருக்கிற வரையில், சாரத்தின் மேல் நிற்கிறவனுக்கு ஆபத்து இருந்துகொண்டே இருக்கும். இத்துறைக்கு வரப்போகிறவர்களுக்கு நான் சொல்வது இதுதான்: உங்கள் கற்பனையைக் கட்டித் தருகிறவர் நாற்பது அடி உயரத்தில் வெறுங்காலோடு நிற்கிறார். பெல்ட் இருக்கிறதா, சாரம் இறுகக் கட்டியிருக்கிறதா, அவர் எத்தனை மணி நேரமாகத் தூங்கவில்லை என்று கேட்பதும் கலை இயக்குநரின் வேலைதான். அதைக் கேட்க டிசைனருக்கு உள்ள உரிமை வேறு யாருக்கும் அவ்வளவாக இல்லை. வரைந்தவர் அவர்தானே.

மிஞ்சுவது என்ன?

கடைசி ஷாட் முடிந்ததும் செட்டைப் பிரித்துவிடுவார்கள். ஃப்ளோர் வாடகை ஏறிக்கொண்டே இருக்கும், அடுத்த கம்பெனி வாசலில் காத்திருக்கும். இரண்டு மாதம் கட்டியதை ஒரே நாளில் பிரிப்பார்கள். ஹாலிவுட்டிலும் அதே கதைதான். 'கான் வித் த விண்ட்' படத்தில் அட்லாண்டா நகரம் எரிகிற காட்சிக்கு, 1938 டிசம்பரில் ஸ்டுடியோ மைதானத்தில் கிடந்த பழைய செட்டுகளைத்தான் கொளுத்தினார்கள். 'கிங் காங்' படத்தின் பெரிய மதில் அதில் எரிந்துபோனது. ஒருவர் பாடுபட்டுக் கட்டியது இன்னொருவர் படத்துக்கு விறகானது. 'பாகுபலி' (2015) படத்துக்காக ராமோஜி ஃபிலிம் சிட்டியில் சாபு சிரில் அமைத்த மகிழ்மதியை மக்கள் டிக்கெட் வாங்கிப் பார்த்தது அபூர்வமான விதிவிலக்கு.

செட் போவதில் எனக்கு வருத்தம் இல்லை. போவதற்காகவே கட்டுகிறோம். வரைபடங்கள் போவதுதான் வருத்தம். டிரேசிங் பேப்பரில் வரைந்த பிளான்களை ஆபீஸ் காலி செய்யும்போது கட்டுக் கட்டாகப் பழைய பேப்பர்காரருக்குப் போட்டதை என் கண்ணால் பார்த்திருக்கிறேன். ஸ்டுடியோக்கள் இருந்த இடங்களில் அடுக்குமாடி வீடுகளும் வணிக வளாகங்களும் வந்துவிட்டன. திரைச்சீலையில் ஊரையே வரைந்த ஓவியர்களின் வேலையைப் பிளெக்ஸ் அச்சு எடுத்துக்கொண்டது. 2019-இல் 'த மாண்டலோரியன்' தொடர் பெரிய எல்.இ.டி. சுவரில் பின்னணியை ஓடவிட்டு அதற்கு முன்னால் நடிகரை நிறுத்திப் படமெடுக்கும் முறையைப் பிரபலமாக்கியது. இவற்றை எல்லாம் நான் குறை சொல்லவில்லை. எல்.இ.டி. சுவரில் ஓட வேண்டிய அக்ரஹாரத்தையும் யாரோ ஒருவர் யோசித்துத்தானே ஆக வேண்டும்? திண்ணை எத்தனை அடி என்று அவருக்குத் தெரிய வேண்டுமே? கருவி மாறினாலும் அந்த நோட்டுப் புத்தகம் தேவைப்படுகிறது.

தம்பி தங்கைகளுக்கு

இந்தத் தொழிலுக்கு வர விரும்பினால், புனே திரைப்படக் கல்லூரியில் கலை இயக்கத்துக்கென்றே படிப்பு இருக்கிறது. ஓவியம், கட்டடக்கலை படித்தவர்களும் வருகிறார்கள். என்னைப் போல வரலாறு படித்தவர்களுக்கும் இடம் உண்டு. தங்கைகளுக்கு ஒரு வார்த்தை. நான் சேர்ந்த காலத்தில் கலைத்துறையில் பெண்களைக் காண்பதே அரிது. அந்த நிலை இப்போது மாறி வருகிறது. தயங்காமல் வாருங்கள்.

எதில் சேர்ந்தாலும் முதல் சில ஆண்டுகள் கையில் காசு நிற்காது. வேலை இல்லாத மாதங்களைத் தாங்க ஒரு வழி செய்துகொண்டு வாருங்கள். கம்ப்யூட்டரில் வரையக் கற்றுக்கொள்ளுங்கள், கையாலும் வரையுங்கள். ஆசாரியிடம் மரத்தைப் பற்றிக் கேளுங்கள். மோல்டரிடம் சுண்ணாம்பைப் பற்றிக் கேளுங்கள். அவர்களை 'அண்ணே' என்று கூப்பிட்டுக் கேட்டால் எல்லாம் சொல்லித் தருவார்கள். எனக்குத் தெரிந்ததில் பாதிக்கு மேல் அப்படி வந்ததுதான். அவர்கள் கூலி பாக்கி இருக்கும்போது உங்கள் சம்பளத்தை முதலில் வாங்காதீர்கள்.

என் வேண்டுகோள்

இனி எல்லோருக்குமான வேண்டுகோள். பழைய காலத்து வீட்டை அமைக்க வேண்டும் என்றால் நாங்கள் முதலில் தேடுவது குடும்ப ஆல்பங்களைத்தான். அவற்றில் கல்யாணப் படம் இருக்கும், ஸ்டுடியோவில் நாற்காலியைப் பிடித்துக்கொண்டு நின்ற படம் இருக்கும், வாசலில் புது ஸ்கூட்டரோடு எடுத்த படம் இருக்கும். சமையலறைப் படம் இருக்காது. கிணற்றடி இருக்காது. கொல்லைப்புறம் இருக்காது. பாட்டி அறுபது வருஷம் உட்கார்ந்து சமைத்த இடத்தை அந்தக் குடும்பத்தில் ஒருவரும் படம் பிடித்து வைக்கவில்லை. அது காட்டுவதற்குரிய இடம் என்று யாருக்கும் தோன்றவில்லை. நான் எத்தனையோ வீடுகளில் ஆல்பம் வாங்கிப் பார்த்திருக்கிறேன். மிகச் சில வீடுகளில்தான் அடுப்பங்கரைப் படம் ஒன்று கிடைத்தது. அதுவும் குழந்தைக்குச் சோறு ஊட்டும்போது தற்செயலாக எடுத்தது.

இங்கே வந்திருக்கும் பலருடைய ஊர்களில் பழைய வீடுகள் விற்பனைக்கும் இடிப்புக்கும் காத்திருக்கின்றன. விற்காதீர்கள் என்று சொல்ல எனக்கு உரிமை இல்லை. இடிப்பதற்கு முன் ஒரு நாள் போய், ஆள் இல்லாத இடங்களையும் படம் எடுத்து வையுங்கள். அடுப்பு, அம்மி, பரண், மாடக்குழி, சுவரில் பால் கணக்கு எழுதிய கரிக்கோடு எல்லாவற்றையும் எடுங்கள். டேப் வைத்து அளந்து அளவையும் எழுதுங்கள். இப்போது எல்லோர் சட்டைப்பையிலும் காமிரா இருக்கிறது, காசு செலவும் இல்லை. நம் சங்கமே அவற்றைத் தொகுத்து நம் கல்லூரி நூலகத்தில் வைக்கலாம். வரலாற்றுத் துறை மாணவர்கள் விடுமுறையில் இந்த வேலையைச் செய்யலாம். தலைவர் அவர்கள் மனது வைத்தால், அடுத்த ஆண்டுக் கூடலுக்குள் முதல் தொகுப்பு தயாராகிவிடும். என்னிடம் இருக்கிற அளவு நோட்டுகள் முப்பத்தொன்றையும் அதில் சேர்க்க நான் தயாராக இருக்கிறேன்.

அவற்றைச் சினிமாக்காரர்கள் பயன்படுத்துவார்களோ இல்லையோ, உங்கள் பேரப்பிள்ளை ஒருநாள், "நம்ம வீட்டு அடுப்படி எப்படி இருந்திச்சு?" என்று கேட்கும்போது காட்டுவதற்கு ஒரு படம் இருக்கும்.